சூடிக் கொடுத்த கோதை

நுழையும்முன்

மனிதர் மரமாவதும் பறவையாவதும் கல்லாவதும் உலகத் தொன்மங்கள் பலவற்றில் காணப்படும் செய்தியாகும். கிரேக்கர் வழிவழியாகச் சொல்லிவந்த அத்தகைய கதைகளை, உரோமானியக் கவிஞர் ஓவிட் ஏறத்தாழ 2000 ஆண்டுகளுக்கு முன்னர் ‘உருமாற்றங்கள்’ என்னும் பெருங்காவியமாக இலத்தீன் மொழியில் பாடினார். அக்கதைகளில் உருமாறியோர் பலர் தம் பேச்சை இழந்தனர். தமிழ் மண்ணிலோ ஒரு பெண் தம் பாட்டினாலேயே தம்மை உருமாற்றிக்கொண்டார். அவருடைய வாழ்வை இப்பாடம் எடுத்துரைக்கிறது.

நந்தவனத்தில் கிடைத்த செல்வம்

விருதுநகர் மாவட்டத்தில், மேற்குத் தொடர்ச்சி மலைக்குக் கிழக்கே அமைந்துள்ள பழம்பெரும் ஊர் திருவில்லிபுத்தூர். அங்குக் கோயில்கொண்டுள்ள வடபத்திரசாயிப் பெருமாளுக்கு நாள்தோறும் மாலை தொடுத்து அளிப்பதையே வாழ்நாள் பணியாகக் கொண்டிருந்தவர் விட்டுசித்தர். பெரியாழ்வார் எனப் போற்றப்படுபவர் இவரே. ஆடி மாதத்துப் பூர நாளொன்றில், தம் நந்தவனத்துத் துளசிச் செடியின் அடியில் இவர் ஒரு பெண் குழந்தையைக் கண்டெடுத்தார் என்று வைணவ மரபு கூறும். அக்குழந்தைக்குக் கோதை எனப் பெயர் சூட்டித் தம் மகளாகவே வளர்த்தார். கோதை என்னும் சொல்லுக்கு மாலை என்பது பொருள். அவர் 8ஆம் நூற்றாண்டில் வாழ்ந்தவர் என ஆய்வாளர் சிலரும், 9ஆம் நூற்றாண்டினர் என வேறு சிலரும் கருதுவர்.

செடியோடும் மாலையோடும் தொடர்புடைய பெண்ணின் கதை ஒன்று ஓவிட் காவியத்தின் முதற்பகுதியிலும் உண்டு. அப்பல்லோ என்னும் கடவுள் தாப்னே என்னும் நங்கையை விரும்பித் துரத்துகிறான். அவனை விரும்பாத தாப்னே, ஆற்றுத் தெய்வமாகிய தன் தந்தையை வேண்டி லாரல் மரமாக மாறிவிடுகிறாள். அதன் பின்னும் அப்பல்லோ அம்மரத்தின் இலைகளை மாலையாக்கித் தன் தலையில் சூடிக்கொள்கிறான். அங்கே பெண் செடியாகி மறைகிறாள். இங்கே செடியின் அடியிலிருந்து பெண் வெளிப்படுகிறார். அங்கே கடவுள் துரத்த, பெண் ஓடுகிறாள். இங்கே பெண்ணே கடவுளைத் தேடிச் செல்கிறார். இவ்வேறுபாடு கோதையின் வாழ்வு முழுவதிலும் தொடர்வதைக் காணலாம்.

சூடிய மாலை

தந்தையிடம் தமிழையும் கண்ணன் கதைகளையும் கேட்டு வளர்ந்தார் கோதை. இறைவனுக்கெனத் தந்தை தொடுத்து வைத்த மாலையை நாள்தோறும் யாரும் அறியாமல் தாம் அணிந்து பார்ப்பார். அவனுக்கு ஏற்ற அழகு தமக்கு உண்டா எனக் கிணற்று நீரில் நோக்குவார்; பின்னர் மாலையைக் களைந்து இருந்தபடியே வைத்துவிடுவார். அக்கிணறு இன்றும் கண்ணாடிக் கிணறு என்னும் பெயரால் அங்குக் காட்டப்படுகிறது.

ஒருநாள் இச்செயலைக் கண்ட விட்டுசித்தர் அதிர்ந்தார். மனிதர் அணிந்த மாலையை இறைவனுக்கு அளிப்பது பெரும்பிழை என்பது அவர்தம் நெறி. மகளைக் கடிந்துகொண்டு, அன்று மாலை சாத்தாமலே இருந்தார். அன்றிரவு கனவில் தோன்றிய இறைவன், கோதை சூடிய மாலையே தனக்கு உகந்தது என உணர்த்தினான். அதனால் அவர் ‘சூடிக் கொடுத்த சுடர்க்கொடி’ ஆனார். இறைவனையே ஆண்டவர் என்பதால் ‘ஆண்டாள்’ எனவும் பெயர்பெற்றார்.

ஆயர்பாடியான திருவில்லிபுத்தூர்

கோதை மணப்பருவம் எய்தினார். மானிடர் எவரையும் மணக்க அவர் உடன்படவில்லை. கண்ணனை அடைய ஆயர் மகளிர் நோற்ற பாவை நோன்பைத் தாமும் நோற்க முற்பட்டார். திருவில்லிபுத்தூரே அவருக்கு ஆயர்பாடியாயிற்று. தோழியர் ஆயச் சிறுமியர் ஆயினர். கோயில் நந்தகோபர் மாளிகை ஆயிற்று. அவருடைய நடையும் பேச்சும் ஆயர் மகளுக்குரியனவாக மாறின என்றும், அவர் மேனியிலும் பாலும் தயிரும் மணந்தன என்றும் உரையாசிரியர் வியந்து கூறுவர். எந்தத் தெய்வத்தின் சாபமும் இம்மாற்றத்திற்குக் காரணம் அன்று. அவரது உள்ளத்தின் வேட்கையே காரணம். இவ்வாறு பிறந்ததே 30 பாடல்களைக் கொண்ட திருப்பாவை.

அவரது மற்றொரு நூலாகிய நாச்சியார் திருமொழி 143 பாடல்களை உடையது. அதில் கோதை குயிலிடமும் மேகத்திடமும் தூது உரைக்கிறார். இறைவனின் கையிலுள்ள சங்கினை நோக்கி வினவுகிறார். தாம் கண்ட திருமணக் கனவைத் தோழிக்கு விரித்துரைக்கிறார். தம் உள்ளத்து விருப்பத்தைப் பிறர் வாயிலாக அன்றித் தம் குரலிலேயே கூறுகிறார்.

பெயர் பொறித்த பெண்கள்

ஓவிட் கூறும் மற்றொரு கதை இங்கு நினைக்கத்தக்கது. இயோ என்னும் பெண்ணைக் கடவுளர் தலைவன் பசுவாக மாற்றிவிடுகிறான். தந்தையைக் கண்டும் அவளால் பேச இயலவில்லை. வாய் திறந்தால் பசுவின் கதறலே எழுகிறது. இறுதியில் தன் குளம்பினால் மண்ணில் பெயரை எழுதிக் காட்டுகிறாள். அதைக் கண்ட பின்னரே தந்தை மகளை அறிந்து அழுகிறான். குரல் போன பின் அவளிடம் எஞ்சியது பெயர் ஒன்றே.

கோதையும் தம் பெயரைப் பொறித்துச் சென்றார். திருப்பாவையின் முடிவிலும், திருமொழிப் பதிகங்கள் பலவற்றின் இறுதிப் பாடல்களிலும் இன்னார் மகள் கோதை பாடியது எனத் தந்தை பெயரோடு தம் பெயரையும் இணைத்தார். மண்ணில் எழுதிய பெயர் காற்றில் கலையும். பாட்டில் பதித்த பெயரோ ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக நிலைத்துள்ளது. ஆழ்வார் பன்னிருவருள் பெண் ஒருவரே, அவர் கோதை.

இறுதியும் தொடர்ச்சியும்

அரங்கனின் ஆணையைக் கனவில் பெற்ற பெரியாழ்வார், மகளை மணக்கோலத்தில் திருவரங்கம் அழைத்துச் சென்றார். பல்லக்கிலிருந்து இறங்கிய கோதை, கருவறைக்குள் சென்று இறைவனோடு ஒன்றானார் என்பது மரபு. மகளைப் பிரிந்த தந்தை தனியே ஊர் திரும்பினார்.

மேலைநாட்டில் தாப்னேயின் கதை, 16ஆம் நூற்றாண்டின் இறுதியில் இத்தாலியின் புளோரன்சு நகரில் யாக்கோபோ பெரியின் இசையில் நாடகமாயிற்று. உலகின் முதல் ஒப்பேரா என அது கருதப்படுகிறது. கோதையின் கதையோ அந்நூற்றாண்டின் தொடக்கத்திலேயே தெலுங்குக் காவியமாயிற்று. விசயநகரப் பேரரசர் கிருட்டிணதேவராயர் இயற்றிய அந்நூலின் பெயர் ‘ஆமுக்தமால்யதா’. சூடிய மாலையைக் கொடுத்தவள் என்பது அதன் பொருள். திருவில்லிபுத்தூருக்கு அண்மையில், தெலுங்கைத் தாய்மொழியாகக் கொண்ட குடும்பங்கள் பல வாழும் இராசபாளையத்தைச் சேர்ந்த அறிஞர் மு. கு. ஜகந்நாத ராஜா அக்காவியத்தைத் தமிழாக்கினார். தமிழ்ப் பெண்ணின் கதை தெலுங்கில் உருமாறி மீண்டும் தமிழுக்கே வந்து சேர்ந்தது.

திருவில்லிபுத்தூர்க் கோயிலில் அரையர் சேவை இன்றும் நிகழ்கிறது. தலையில் குல்லாயும் கையில் தாளமும் கொண்டு பாடி அபிநயிக்கும் அரையர், முத்துக்குறி நிகழ்வில் மகளாகவும் தாயாகவும் குறி சொல்லும் பெண்ணாகவும் மாறிமாறி நிற்பார். ஆடை மாறுவதில்லை, குரலும் குறிப்புமே மாறுகின்றன. மார்கழி விடியலில் திருப்பாவை பாடும் சிறுமியரும், பாடி முடிக்கும்வரை ஆயர்பாடிச் சிறுமியரே. தம்மை மாற்றிக்கொண்ட அக்குரல், பாடுவோரையும் மாற்றிக்கொண்டிருக்கிறது.