சந்திரசிங் கார்வாலி

இமயமலைச் சாரலில் உள்ள கார்வால் பகுதியில், 1891-ஆம் ஆண்டு எளிய குடி ஒன்றில் தோன்றியவர் சந்திரசிங். மலைச்சரிவிலே படிபடியாய் அமைந்த சிறு கழனிகள் எல்லார்க்கும் உணவளிக்கப் போதா. ஆதலின் அந்நாட்டு இளைஞர் பலர் படையிற் சேர்ந்து பிழைத்தனர். சந்திரசிங்கும் 1914-இல் ஆங்கிலேயரது கார்வால் துப்பாக்கிப் படையிற் புகுந்து, முதல் உலகப்போரில் பிரான்சிலும் மெசபொடேமியாவிலும் போர் புரிந்து, நாளடைவில் ஹவில்தார் ஆனார். படையொழுங்கை அறியாதவர் அல்லர் அவர். களங்கண்டு அஞ்சியவரும் அல்லர்.

1930-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் உப்பு அறப்போர் நாடெங்கும் மூண்டது. இராஜாஜி வேதாரணியம் நோக்கி நடந்துகொண்டிருந்தார். சென்னையிலே மயிலாப்பூர் நாகேசுவரராவ் பந்துலுவும் பிரகாசமும் தொண்டர் திரட்டினர். வடமேற்கு எல்லையிலுள்ள பெஷாவரிலோ, 23-ஆம் நாள் அப்துல் கபார்கான் சிறைப்பட்ட செய்தி கேட்டு, மக்கள் கிஸ்ஸாகவானிக் கடைவீதியிலே வெறுங்கையினராய்த் திரண்டனர். அன்று அங்கே குண்டு பாய்ந்து மாண்டவர் பலர். கார்வாலிப் படையினர் இந்துக்கள். எதிரே நின்றவர் முஸ்லிம்கள். ஆதலின் சுடத் தயங்கார் என மேலோர் எண்ணினர் போலும். தலைவன் சுடுமாறு ஆணையிட்டான். சந்திரசிங் சுடவேண்டா என்று தம் தோழர்க்கு மறுகட்டளையிட்டார். துப்பாக்கிகள் தாழ்ந்தன.

மறுநாள் நகருட் செல்லவும் படையினர் மறுத்தனர். அபோத்தாபாத்தில் இராணுவ நீதிமன்றம் கூடிற்று. கார்வாலைச் சேர்ந்த பாரிஸ்டர் முகுந்திலால் அவர்களுக்காக வாதாடினார். மரண தண்டனைக்கும் உரிய அக்குற்றத்திற்குச் சந்திரசிங் ஆயுள் தண்டனை பெற்றார். தோழர் பலரும் சிறை புகுந்தனர்.

நாடு அவரைப் போற்றிற்று. எனினும், வழக்கு அத்துணை எளிதன்று. 1931-இல் காந்தி–இர்வின் உடன்பாட்டின்படி அறப்போர் வீரர்கள் விடுதலை பெற்றபோது, ஆணை மீறிய படைவீரர்க்கு அவ்வுடன்பாடு பொருந்தாது என்று விலக்கப்பட்டது. காந்தியடிகளே அவர் செயலை ஏற்றாரல்லர். சூளுரைத்துப் படையிற் சேர்ந்தவன் ஆணையை மீறுவது சொல் தவறுதலாகும் என்பதும், நாளை நாடு விடுதலை பெற்றால் அதற்கும் கீழ்ப்படியும் படை வேண்டும் என்பதும் அடிகளின் கருத்து. அக்கருத்தில் நியாயம் உண்டு. ஆனால், முன்னரே பணி துறந்திருக்கலாமே என்பார், அக்கடைவீதியில் அவர்க்குக் கிடைத்த பொழுதை எண்ணவேண்டும். ஆணைக்கும் குண்டுக்கும் இடையே இருந்தது ஒரு நொடி. எதிரே நின்றவை உயிர்கள்.

பதினோராண்டு சிறையிலிருந்து 1941-இல் வெளிவந்த சந்திரசிங், மறு ஆண்டே வெள்ளையனே வெளியேறு இயக்கத்தில் ஈடுபட்டு மீண்டும் சிறை சென்றார். 1979-ஆம் ஆண்டு அக்டோபர் முதல்நாள் மறைந்தார். 1994-இல் இந்திய அரசு அவர் உருவம் பொறித்த அஞ்சல்தலையை வெளியிட்டது.