டைரக்டர் பிமல் ராய்

சினிமா என்றால் வெறும் கூத்தும் கேளிக்கையுமே என்று எண்ணி, அதன் பக்கம் தலைவைத்தும் படுக்கலாகாது என்றிருக்கும் தேசத் தொண்டர் நம்மிடையே பலர் உளர். அவர்கள் பிமல் ராய் என்னும் வங்காளியின் வாழ்க்கையை ஒரு முறை ஊன்றிப் பார்ப்பார்களாக. 1950-க்குப் பிந்திய பத்து ஆண்டுகளில் நமது தேசத்துப் படங்கள் பெற்ற பரிசுகளைக் கணக்கெடுத்தால், அவருடைய பெயர் இடம்பெறாத வருஷம் மிகச் சிலவே. ஆனால் பரிசுகளுக்காக மாத்திரம் நாம் அவரை நினைக்கவில்லை. நிலமிழந்த குடியானவனையும், தீண்டாதவள் என்று ஒதுக்கப்பட்ட பெண்ணையும், பட்டணத்துக் கொட்டகைகளில் பணம் கொடுத்து உட்கார்ந்திருந்த கனவான்களின் கண்முன் கொண்டுவந்து நிறுத்தியவர் அவர். அது எளிய காரியமன்று.

அவர் 1909-ம் வருஷம் டாக்கா ஜில்லாவில், நிலபுலன் மிகுந்த ஜமீன் குடும்பமொன்றில் பிறந்தார். தகப்பனார் காலமான பின்னர் அந்தச் சொத்து குடும்பத்தின் கைவிட்டுப் போயிற்று. எஸ்டேட்டைப் பார்த்துவந்த காரியஸ்தனின் மோசமே அதற்குக் காரணமென்பர். தாயாரோடும் சகோதரர்களோடும் அந்த வாலிபர் கல்கத்தா வந்து சேர்ந்தார். பொய்க் கணக்கினால் நிலம் பறிபோவது எத்தகையது என்பதை அவர் நூல்களில் படித்துத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கவில்லை.

கல்கத்தாவில் நியூ தியேட்டர்ஸ் ஸ்தாபனத்தில், நிதின் போஸ் என்ற புகழ்பெற்ற படப்பிடிப்பாளரின் கீழ் உதவியாளராக அமர்ந்தார். 1935-ல் பருவா டைரக்ட் செய்த ஹிந்தி தேவதாஸ், ஸைகலின் பாட்டினால் தேசமெங்கும் பரவியதை முதியோர் கூறக் கேட்டிருப்போம். அதனைப் படம் பிடித்தவர் பிமல் ராய். விளக்கு எவ்விடத்தில் எரியவேண்டும் என்பதைவிட, எவ்விடத்தில் எரியலாகாது என்பதை அறிவதே அத்தொழிலின் நுட்பம். பிற்காலத்தில் அவர் டைரக்டரான பின்பும் அந்தக் காமிராக்காரனின் கண் அவரை விட்டு நீங்கவில்லை. அவருடைய பாத்திரங்கள் வாய் திறந்து பேசுவது குறைவு. முகத்தில் விழும் ஒளியும் நிழலுமே பாதிக் கதையைச் சொல்லிவிடும்.

1944-ல், வங்கப் பஞ்சத்தின் புண் ஆறாதிருந்த வேளையில், உதயேர் பாத்தே என்ற வங்காளிப் படத்தை முதன்முதலாக டைரக்ட் செய்தார். முதலாளிக்கும் தொழிலாளருக்கும் இடையிலான போராட்டமே அதன் பொருள். மறு வருஷம் ஹம்ராஹி என்ற பெயரில் அது ஹிந்தியில் வெளிவந்தபோது, அதில் ஜன கண மன கீதம் ஒலித்தது. அக்கீதம் தேசிய கீதமாக ஏற்கப்பட்டது 1950-ல்தான் என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும். வெள்ளையன் ஆட்சி நடந்துகொண்டிருந்த நாளிலேயே அதைக் கொட்டகைகளில் முழங்கச் செய்தார்.

தேசப் பிரிவினையோடு வங்கப் படத்தொழில் பாதிச் சந்தையை இழந்து நலிந்தது. நியூ தியேட்டர்ஸும் தளர்ந்தது. பிமல் ராய் பம்பாய் சென்றார். தனியே செல்லவில்லை, படத்தை வெட்டி ஒட்டிச் சேர்ப்பதில் வல்லவரான ஹிருஷிகேஷ் முகர்ஜியும், எழுத்தாளர் நபேந்து கோஷும், வேறு சிலரும் உடன் சென்றனர். பம்பாய் டாக்கீஸுக்காக எடுத்த மா என்ற படம் 1952-ல் வெளிவந்தது. அதே வருஷத் தொடக்கத்தில் நமது தேசத்தில் முதல் சர்வதேசத் திரைப்பட விழா நடந்தது. சென்னையும் அவ்விழா நடந்த நகரங்களில் ஒன்று. இத்தாலிய டைரக்டர் டி சிகாவின் சைக்கிள் திருடர் பற்றிய படம் அங்கே காட்டப்பட்டது. அரண்மனையும் அலங்கார ஸெட்டும் இல்லாமல், தெருவில் நடக்கும் ஏழையை வைத்தே காவியம் படைக்கலாமென்று அப்படம் இவர்களுக்குக் காட்டிற்று.

அதன் பலனே 1953-ல் வந்த தோ பீகா ஜமீன். கதை ஸலில் சௌத்ரியுடையது; திரைக்கதை ஹிருஷிகேஷ் முகர்ஜியுடையது; பெயர் தாகூரின் கவிதையொன்றிலிருந்து வந்தது. இரண்டு பீகா என்பது வங்காளக் கணக்கில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கு ஏக்கர். ஆலை கட்டுவதற்காக ஜமீன்தார் அந்த நிலத்தைக் கேட்கிறார். ஷம்பு என்ற குடியானவன் மறுக்கிறான். அப்படியானால் கடனைக் கட்டு என்கிறார் ஜமீன்தார். 65 ரூபாய் என்று அவன் நம்பியிருந்த கடன், பொய்ப் பத்திரத்தில் 235 ரூபாயாக நிற்கிறது. கோர்ட்டார் மூன்று மாதத் தவணை கொடுக்கின்றனர். மகனுடன் கல்கத்தா சென்று கைரிக்ஷா இழுக்கிறான் ஷம்பு. முன்னே செல்லும் ரிக்ஷாவைத் துரத்திப் பிடிக்கச் சொல்லி, கூலியை ஏற்றிக்கொண்டே போகிறான் ஒரு சவாரிக்காரன். மூச்சிரைக்க ஓடுகையில் சக்கரம் கழன்று ஷம்பு விழுகிறான். அந்தக் காட்சியைக் கண்டவன் பின்பு நிம்மதியாக ரிக்ஷாவில் ஏறியிருப்பான் என்று நாம் கருதவில்லை.

ஷம்புவாக நடித்த பல்ராஜ் ஸாஹ்னி ஆங்கிலம் கற்றவர்; லண்டன் பி.பி.ஸி.யில் வேலை பார்த்தவர். ஸூட் அணிந்து வந்த அவரைக் கண்டு, இவர் எப்படிக் குடியானவன் ஆவார் என்று பிமல் ராய் முதலில் ஐயுற்றாராம். ஸாஹ்னியோ கல்கத்தா வீதியில் மெய்யாகவே ரிக்ஷா இழுத்துப் பழகினார். அங்கே பீஹாரைச் சேர்ந்த ரிக்ஷாக்காரர் ஒருவர் படத்தின் கதையைக் கேட்டுக் கண்ணீர் விட்டார். அவருடைய இரண்டு பீகா நிலமும் ஜமீன்தாரிடம் அடைமானத்தில் இருந்தது; அதை மீட்கவே அவர் பல்லாண்டுகளுக்கு முன் பட்டணம் வந்திருந்தார். அதன் பிறகு நடிப்பைப் பற்றிய கவலை தமக்கு இல்லாமற் போயிற்று என்று ஸாஹ்னி பின்னாளில் தம் சுயசரிதையில் எழுதினார்.

படத்தின் முடிவில் நிலம் ஏலம் போய்விடுகிறது. ஆலை எழும்புகிறது. வேலிக்கு வெளியே நின்று ஒரு பிடி மண் எடுக்கும் ஷம்புவைக் காவற்காரன் தடுத்து, அதையும் கீழே போடச் செய்கிறான். சுதந்தரம் வந்து ஆறு வருஷங்களே ஆகியிருந்தன. ஆலைகளே தேசத்தின் வருங்காலம் என்று எல்லோரும் பேசிவந்த காலம் அது. அந்த நேரத்தில், ஆலைக்கு அடியில் யாருடைய நிலம் கிடக்கிறது என்று கேட்பதற்குத் துணிவு வேண்டும்.

1954-ல் பிலிம்பேர் பரிசுகள் முதன்முதலாக வழங்கப்பட்டபோது, சிறந்த படம், சிறந்த டைரக்டர் ஆகிய இரண்டும் இதற்கே கிட்டின. அதே வருஷம் பிரான்ஸ் தேசத்துக் கான் விழாவிலும் பரிசு பெற்றது. ராஷ்டிரபதியின் தங்கப் பதக்கம் மட்டும் ஆத்ரேயின் மராத்திப் படமான சியாம்சி ஆயிக்குப் போயிற்று. பிமல் ராயின் படத்துக்கு நற்சாட்சிப் பத்திரம் தரப்பட்டது. நமது மாமல்லபுரத்தைப் பற்றிய செய்திப்படமொன்று அவ்வருஷமே தன் பிரிவில் தங்கப் பதக்கம் பெற்றதையும் இங்கே குறிப்பிடலாம்.

பின்னர் பரிணீதா, பிராஜ் பஹு, தேவதாஸ் என்று சரத் சந்திரரின் கதைகள் தொடர்ந்தன. முன்னே தாம் காமிராவில் பிடித்த தேவதாஸை 1955-ல் தாமே டைரக்ட் செய்தார். அதில் சந்திரமுகியாக நடித்தவர் நமது சென்னை வைஜயந்திமாலா. துணை நடிகை என்ற பெயரில் வந்த பரிசை, தாம் துணைப் பாத்திரமல்ல என்று கூறி அவர் மறுத்துவிட்டார். அவர் செய்தது சரியென்பதே நம் அபிப்பிராயம்.

1958-ல் வந்த மதுமதி ஒன்பது பிலிம்பேர் பரிசுகளை வாரிக்கொண்டது. முப்பத்தைந்து வருஷங்களுக்கு மேல் எந்தப் படமும் அதை மிஞ்சவில்லை. ரித்விக் கடக் எழுதிய மறுபிறவிக் கதை; ஸலில் சௌத்ரியின் சங்கீதம்; மூடுபனியும் மலையும் கலந்த திலீப் குப்தாவின் படப்பிடிப்பு. எல்லாம் உயர்தரமே. ஆயினும் ஒன்பது பரிசு பெற்ற அந்தப் பேய்க் கதையைவிட, இரண்டு பீகா நிலத்தின் கதை நமக்கு ஒன்பது மடங்கு பெரிதாகத் தோன்றுகிறது. பணம் வரும் படம் எடுத்தால்தான் மனம் விரும்பும் படம் எடுக்க முடியும் என்பது அத்தொழிலின் விதி போலும்.

மதுமதியின் வெற்றிக்குப் பின் 1959-ல் ஸுஜாதா வந்தது. பிராமணக் குடும்பத்தில் வளரும் தீண்டாக் குலத்துப் பெண்ணாக நூதன் நடித்தார். வளர்த்த தாய் அவளைத் தன் மகள் என்று சொல்லாமல், மகளைப் போன்றவள் என்றே சொல்லிவருகிறாள். அந்த ஒரு சொல்லில் தீண்டாமை முழுவதும் அடங்கிக் கிடக்கிறது. ஆனால் அந்தத் தாய் மனம் மாறுவது, ஸுஜாதா ரத்தம் கொடுத்து அவள் உயிரைக் காப்பாற்றிய பிறகே. ரத்தம் கொடுக்காதிருந்தால் அவள் மகளாகமாட்டாளா? மனிதனாகப் பிறந்ததற்கு மேல் வேறு தகுதி எதற்கு? இவ்விடத்தில் பிமல் ராய் ஜனங்களுக்குப் பயந்து ஓர் அடி பின்வாங்கினார் என்றே நாம் கூறவேண்டியிருக்கிறது. எனினும் அந்த ஓர் அடிக்கு முன்னால் அவர் நடந்த தூரத்தை அக்காலத்தில் நடந்தவர் வெகு சிலர்.

1963-ல் பந்தினி. சுதந்தரப் போர்க் கால வங்கத்தில், புரட்சி வீரனொருவனைக் காதலித்து, பிற்பாடு கொலை செய்து சிறை புகுந்த பெண்ணின் கதை. கொலைக்கு முந்திய கணத்தில் நூதன் பேசுவதில்லை. அருகே பற்றவைப்பு வேலையின் தீப்பொறி வெளிச்சம் முகத்தில் விட்டு விட்டு அடிக்க, இரும்பின் ஓசை காதைத் துளைக்கிறது. காமிராவைப் பிடித்தவர் கமல் போஸ். அப்படத்துக்காக, ஏழாவது முறையாகச் சிறந்த டைரக்டர் பரிசு பிமல் ராய்க்கு வந்தது.

கும்பமேளாவைப் பற்றி, வங்க நாவலொன்றைத் தழுவி அடுத்த படத்துக்கு ஏற்பாடு செய்துகொண்டிருந்தார். அதற்குள் புற்றுநோய் பற்றிக்கொண்டது. 1966 ஜனவரியில், ஐம்பத்தாறாம் வயதில் பம்பாயில் காலமானார். கும்பமேளாப் படம் முற்றுப்பெறவேயில்லை.