பேசாப்படம் தந்த தானியேல்

வித்திடுவான் ஒருவன், விளைவு கொள்வான் பிறிதொருவன் என்பது உலகில் நாம் பலகாலும் காணும் இயல்பு. இதற்குச் சான்றாய் வாழ்ந்து மறைந்த கலைஞர் ஒருவர் நம் நாஞ்சில் நாட்டு அகஸ்தீசுவரத்திலேயே இருந்தார். மலையாளத் திரைப்படத்தின் தந்தை எனப் போற்றப்பெறும் ஜே. சி. தானியேலே அவர்.

1900-ஆம் ஆண்டு செல்வமிக்க கிறிஸ்தவக் குடும்பத்தில் தோன்றிய இவர், களரிப் பயிற்சியில் பெருவிருப்புற்று, வாட்போர்க் கலைபற்றி ஆங்கிலத்தில் நூலொன்றும் இயற்றினார். அக்கலையைப் பரப்பச் சலனப்படமே தக்க கருவியெனக் கருதிச் சென்னைக்கும் பம்பாய்க்கும் சென்று அத்தொழிலின் நுட்பங்களை அறிந்தார். பின்னர் அகஸ்தீசுவரத்திலிருந்த தம் நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் திருவாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ் என்னும் படநிலையத்தை 1926-இல் நிறுவினார்.

அக்காலத்துப் படங்கள் பெரும்பாலும் புராணக் கதைகளையே நாடின. இவரோ, திருவாங்கூரிலிருந்து இலங்கைக்குக் கடத்தப்பட்ட சிறுவன் ஒருவனின் கதையை 'விகதகுமாரன்' என்னும் பேசாப்படமாக ஆக்கினார். கதை வகுத்தவரும், இயக்கியவரும், படம் பிடித்தவரும், தலைமை வேடம் பூண்டவரும் அவரே. ஒடுக்கப்பட்ட குலத்திற் பிறந்து நாட்டுக்கூத்தில் தேர்ந்திருந்த பி. கே. ரோசியைக் கதைத்தலைவியாகத் தெரிந்தெடுத்தார்.

1930-ஆம் ஆண்டளவில் அப்படம் திருவனந்தபுரம் காபிடல் கொட்டகையில் திரையிடப்பெற்றது. ரோசி நாயர் குலமகளாக வேடம் பூண்டதைப் பொறாதார் சிலர் திரைமீது கல்லெறிந்தனர். ரோசி அவ்வூரை நீத்து, நாகர்கோவிலில் வேறு பெயருடன் எஞ்சிய நாளைக் கழித்தார். பேசாப்படத்தில் தோன்றிய அவர்தம் வாழ்வும் பேச்சின்றி ஒடுங்கிற்று.

பெரும்பொருள் இழந்த தானியேல் படநிலையத்தை மூடிப் பல் மருத்துவத்தால் வாழ்வு நடத்தினார். 1956-இல் குமரி மாவட்டம் தமிழகத்தோடு இணைந்தது. முதுமையில் வறுமையுற்ற அவருக்கு, தமிழகத்தில் வாழ்பவர் என்பதைக் காட்டிக் கேரள அரசு உதவி மறுத்தது. பேசாப்படத்திற்கு மொழியெல்லை இல்லை; அதனை ஆக்கியவருக்கோ எல்லை குறுக்கே நின்றது. 1975 ஏப்ரல் 27-இல் அவர் அகஸ்தீசுவரத்தில் மறைந்தார்.

பத்திரிகையாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணனின் விடாமுயற்சியால் அவர் புகழ் வெளிப்பட்டது. 1992-இல் கேரள அரசு அவர் பெயரால் உயரிய திரைப்பட விருதொன்றை ஏற்படுத்திற்று. 2013-இல் அவர் வரலாறே 'செல்லுலாயிட்' என்னும் படமாயிற்று. விகதகுமாரனின் படச்சுருளோ இன்று எங்கும் இல்லை.

தானியேலை நினைக்குங்கால் ரோசியையும் உடன் நினைத்தல் நம் கடன். மறைந்த பின் மாலை சூட்டுவதினும், கலைஞர் வாழுங்காலத்தே அவரைத் தாங்குதலன்றோ சிறப்பு!