எக்காலம் என்று ஏங்கிய குணங்குடியார்

அன்னூரில் மாலை நேரக் குர்ஆன் மதரஸா முடிந்து பிள்ளைகள் கலைந்துகொண்டிருந்த ஒரு நாள், ஒரு சிறுவன் மட்டும் நம்மிடம் வந்து நின்றான். அவனுடைய நன்னிமா கீரை ஆயும்போதும் தொட்டில் ஆட்டும்போதும் பழைய பாட்டுகளை முணுமுணுப்பார்களாம். பாட்டு என்றாலே பாவம் என்று எங்கோ கேட்டவன், அதை அப்படியே அவரிடம் சொல்லிவிட்டான். நன்னிமா மறுபேச்சுப் பேசவில்லை. அன்றிலிருந்து பாடுவதை நிறுத்திவிட்டார். வீடு வெறிச்சென்று இருக்கிறது, நான் சொன்னது சரிதானா ஹஜ்ரத் என்று கேட்டான். அது என்ன பாட்டு என்று விசாரித்தோம். அவன் ராகத்தோடு முனகிக் காட்டியதிலேயே தெரிந்துவிட்டது. அது குணங்குடி மஸ்தான் சாகிபு (ரஹ்) அவர்களின் கண்ணி.

ஆகும், ஆகாது என்று ஒரே சொல்லில் பதில் சொல்லி அவனை அனுப்ப நமக்கு மனம் வரவில்லை. பாடியவரின் வாழ்க்கை தெரிந்தால்தான் பாட்டின் தன்மை விளங்கும். அவனுக்குச் சொன்னதையே சற்று விரிவாக இங்கே எழுதுகிறோம்.

இன்றைய இராமநாதபுரம் மாவட்டத்தில், பழைய துறைமுகமான தொண்டிக்கு அருகே உள்ள சிற்றூர் குணங்குடி. 1792ஆம் ஆண்டு அங்கே பிறந்த குழந்தைக்குப் பெற்றோர் இட்ட பெயர் சுல்தான் அப்துல் காதிர். பிள்ளைப் பருவத்திலேயே மார்க்கக் கல்வி கற்கக் கீழக்கரைக்கு அனுப்பப்பட்டார். அங்கே தைக்கா சாகிபு என்று மக்கள் அன்போடு அழைத்த பெரிய ஆலிமிடம் அரபியும் மார்க்கச் சட்டங்களும் கற்றார். தமிழ் இலக்கியத்திலும் ஆழ்ந்த பயிற்சி பெற்றார். அவருடைய பாடல்களில் அரபுச் சொல்லும் பாரசீகச் சொல்லும் சித்தர் மரபின் சொல்லும் உறுத்தாமல் அடுத்தடுத்து வந்து அமர்வதற்கு இந்த இரட்டைக் கல்வியே காரணம்.

பதினேழு வயதில் வீட்டார் மாமன் மகளை அவருக்கு மணம் பேசினார்கள் என்றும், அவர் இணங்காமல் ஊரை விட்டே கிளம்பிவிட்டார் என்றும் வரலாறு சொல்வோர் கூறுகிறார்கள். நிக்காஹ் நபிவழி என்பதை அறியாதவர் அல்லர் அவர். அவருக்கு நேர்ந்த நிலை அவரோடு நிற்கட்டும். அது எல்லோருக்கும் உரிய பாதை அன்று. 1813ஆம் ஆண்டு திருச்சிராப்பள்ளியில் மௌலவி ஷாம் சாகிபு அவர்களிடம் பைஅத் பெற்றுக் காதிரிய்யா தரீக்காவில் சேர்ந்தார். பிறகு மதுரைக்கு அருகே திருப்பரங்குன்றத்துச் சிக்கந்தர் மலையில் நாற்பது நாள் தனித்திருந்து கல்வத்தில் ஈடுபட்டார். அதன்பின் காடும் மலையும் கடற்கரையுமாகப் பல ஆண்டுகள் அலைந்தார்.

இறுதியில் அவர் வந்து சேர்ந்த இடம் சென்னையின் வடபகுதியான இராயபுரம். அந்நாளில் அது முள்ளும் புதரும் மண்டிய கடலோரம். கந்தலுடுத்தித் தன்னை மறந்து திரிந்தவரைப் பித்தர் என்று ஒதுக்கியவர்கள் உண்டு. மஸ்த் என்ற பாரசீகச் சொல்லுக்கு மயக்கம், போதை என்று பொருள். இறைக்காதலில் மயங்கியவர் என்ற கருத்தில் மஸ்தான் என்ற பெயர் நிலைத்தது. பித்தர் என்றவர்களே பிறகு அவரைத் தேடி வந்தார்கள். தொண்டியிலிருந்து வந்தவர் என்பதால் தொண்டியார் என்றழைத்தார்கள். தண்டையார்பேட்டை என்று இன்று வழங்கும் பெயர் அவரால் வந்தது என்பது பரவலான கருத்து. 1838ஆம் ஆண்டு அங்கேயே வஃபாத்தானார். இராயபுரத்தில் அடக்கமாகியுள்ளார். ஐம்பது வயதைக்கூட எட்டாத வாழ்வு அது.

இனி அவருடைய பாட்டுக்கு வருவோம். கண்ணி என்பது ஈரடிப் பாட்டு. ஒவ்வொரு கண்ணியின் முடிவிலும் ஒரே சொல் திரும்பத் திரும்ப வரும். பராபரக்கண்ணி, ரகுமான் கண்ணி, மனோன்மணிக் கண்ணி, எக்காலக் கண்ணி எனப் பல தொகுதிகளை அவர் பாடினார். பராபரக்கண்ணியின் வடிவம் அவருக்கு முன் வாழ்ந்த தாயுமானவர் கையாண்டது. அந்த வடிவத்தை எடுத்து அதில் தம் கல்பை வைத்துப் பாடினார் குணங்குடியார்.

இந்த வடிவத்தில் நினைவாற்றலுக்கு ஒரு பெரிய உதவி இருக்கிறது. மதரஸாவில் ஓதிய காலத்தில், ஹிஜ்ரி 672இல் மறைந்த இப்னு மாலிக் (ரஹ்) அவர்களின் அல்ஃபிய்யாவை நாம் மனனம் செய்தோம். ஏறத்தாழ ஆயிரம் ஈரடிகளில் அரபு இலக்கணம் முழுவதையும் அடக்கிய நூல் அது. உரைநடையில் படித்த பாடங்கள் பல மறந்துபோயின. சந்தத்தோடு ஓதியவை இன்றும் நாக்கில் நிற்கின்றன. ஒரு சொல் நழுவினாலும் சந்தம் அந்த இடத்தைக் காலியாகக் காட்டும். எதுகை கையைப் பிடித்து அந்தச் சொல்லிடம் அழைத்துப் போகும். எழுதப் படிக்கத் தெரியாத தாய்மார்கள் நூற்றுக்கணக்கான கண்ணிகளை மனத்தில் வைத்திருந்தது இப்படித்தான்.

ஆனால் குணங்குடியார் பாட்டில் நினைவு என்பது மனப்பாடத்தோடு நின்றுவிடுவதில்லை. திக்ரு என்ற அரபுச் சொல்லுக்கு நினைத்தல் என்றும் பொருள், நாவால் மொழிதல் என்றும் பொருள். கண்ணியின் முடிவில் ரகுமானை அழைக்கும் சொல் மீண்டும் வரும்போது, தஸ்பீஹ் மணி ஒன்று விரலில் நகர்வதுபோல் இருக்கிறது. ஒரே அழைப்புத்தான், ஆனால் முதல் கண்ணியில் அழைத்தவரும் நூறாவது கண்ணியில் அழைப்பவரும் ஒரே மனநிலையில் இருப்பதில்லை. முதலில் வேண்டுதல், பிறகு அழுகை, பிறகு தன்மீதே கோபம், கடைசியில் சரணடைதல் என்று உள்ளம் படிப்படியாக நகர்கிறது.

எக்காலக் கண்ணியில் காலமே பாடுபொருளாகிறது. ஒவ்வொரு கண்ணியும் எக்காலம் என்ற ஏக்கத்தில் முடிகிறது. நாமும் பஸ் எப்போது வரும், கூலி எப்போது வரும், வெளிநாடு போன பிள்ளை எப்போது திரும்புவான் என்று எக்காலம் கேட்டுக்கொண்டே வாழ்பவர்கள்தாம். அவரோ அந்த அன்றாடச் சொல்லை எடுத்து, என் நஃப்ஸ் எப்போது அடங்கும், என் ரட்சகனின் நெருக்கம் எப்போது கிட்டும் என்ற கேள்வியாக்கினார். காத்திருப்பவருக்குத்தான் காலத்தின் நீளம் தெரியும். முகியித்தீன் சதகத்தில் இதற்கு இன்னொரு முகம் உண்டு. பக்தாதில் 1166ஆம் ஆண்டு மறைந்த அப்துல் காதிர் ஜீலானி (ரஹ்) அவர்களை, அறுநூறு ஆண்டுகளுக்கும் மேல் கழித்துத் தமிழில் எதிரே நிற்பவரை அழைப்பதுபோல் அழைக்கிறார். அன்பு பெருகும் இடத்தில் ஆண்டுக்கணக்கு சுருங்கிவிடுகிறது.

மனோன்மணிக் கண்ணியில் மெய்ப்பொருளைக் காதலியாக வைத்துப் பாடியதைக் கண்டு சிலர் முகம் சுளிப்பதுண்டு. பிரிவின் வலியைச் சொல்லத் தமிழில் அகத்திணை மரபு ஏற்கெனவே ஆயத்தமாக இருந்தது. அரபு, பாரசீக ஞானக் கவிஞர்களும் லைலா என்ற பெயரை இப்படித்தான் ஆண்டார்கள். மௌலானா ரூமி (ரஹ்) மஸ்னவியைத் தொடங்குவதே புதரிலிருந்து அறுக்கப்பட்ட நாணல் குழலின் புலம்பலோடுதான். ஆகவே சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டு கருத்தை விட்டுவிடக் கூடாது. அவர் பாட்டின் உருக்கம் சமய எல்லையையும் கடந்தது. திருத்தணிகை சரவணப்பெருமாள் ஐயர் என்ற பெரும்புலவர் அவர்மீது நான்மணிமாலை பாடியிருக்கிறார் என்பதே இதற்குச் சான்று.

இனி அந்தச் சிறுவனின் கேள்வி. குர்ஆனில் கவிஞர்கள் என்ற பெயரிலேயே ஒரு சூரா உண்டு, 26ஆவது அத்தியாயம். சொல்வதொன்றும் செய்வதொன்றுமாய்த் திரியும் கவிஞர்களை அதன் கடைசி வசனங்கள் கண்டிக்கின்றன. உடனே ஒரு விலக்கும் தரப்படுகிறது. ஈமான் கொண்டு நற்செயல் புரிந்து அல்லாஹ்வை அதிகம் நினைப்பவர்கள் அந்தக் கண்டனத்தில் சேர மாட்டார்கள். ஆக, கவிதையைத் தரம் பிரிக்கும் அளவுகோல்களில் ஒன்றாகத் திக்ரையே அல்லாஹ் வைத்திருக்கிறான். நபி (ஸல்) அவர்கள் கவிஞர் ஹஸ்ஸான் இப்னு ஸாபித் (ரலி) அவர்களுக்காகப் பள்ளிவாசலில் மேடை அமைத்துக் கொடுத்தார்கள். அகழ் தோண்டியபோது தோழர்கள் பாடிய ரஜஸ் அடிகளில் தாமும் குரல் சேர்த்தார்கள். இசைக்கருவிகள் குறித்து ஆலிம்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. அதைக் கற்றவர்களிடம் கேட்டு அறியலாம். கருவி எதுவும் இல்லாமல், தொட்டிலருகே ரப்பை நினைத்து உருகும் ஒரு மூதாட்டியின் குரலை அந்தச் சர்ச்சைக்குள் இழுக்க வேண்டியதில்லை.

அரபியில் கவிதைக்கு ஷிஃர் என்று பெயர். உணர்வைக் குறிக்கும் ஷுஊர் என்ற சொல்லும் அதே வேரில் பிறந்ததுதான். உணர்வு இல்லாத பாட்டு வெறும் ஓசை. உணர்வு இருந்தும் இறைநினைவு இல்லாவிட்டால் அது வழிதவறவும் கூடும். குணங்குடியார் இரண்டையும் ஒன்றாக்கினார். அதனால்தான் இராயபுரத்துக் கடலோரத்தில் எழுந்த ஏக்கம் கொங்கு நாட்டு வீட்டுத் திண்ணை வரை வந்து சேர்ந்திருக்கிறது.

அது அடுத்த தலைமுறைக்குப் போய்ச் சேருமா என்பதுதான் நம் கவலை. கண்ணிகள் நூல்களில் இருக்கின்றன. ஆனால் எந்த ராகத்தில், எந்த இடத்தில் குரல் தழுதழுக்கப் பாட வேண்டும் என்பது நன்னிமார்களின் தொண்டையில்தான் இருக்கிறது. அவர்கள் மௌத்தாகும்போது அதுவும் கூடவே மண்ணுக்குள் போய்விடும். அந்தச் சிறுவனிடம் வீட்டுக்குப் போய் நன்னிமாவிடம் மன்னிப்புக் கேட்டு, ஒரு கண்ணியைச் சொல்லித் தரச் சொல் என்றோம். மறுநாள் வந்தான். முதலில் வெட்கப்பட்டு மறுத்தவர், இரவு தொட்டில் ஆட்டும்போது தானாகவே பாடிவிட்டாராம். இவன் நான்கு கண்ணிகளை நோட்டில் எழுதிக் கொண்டுவந்திருந்தான். ஓர் எழுத்துப்பிழையைத் திருத்திக் கொடுத்தோம்.

உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு குரல் இருக்கலாம். இன்றிரவே அருகில் அமர்ந்து கேளுங்கள், பிள்ளைகளையும் உடன் அமர்த்துங்கள். அல்லாஹ் நம் நாவுகளையும் உள்ளங்களையும் தன் நினைவால் ஈரமாக்கி வைப்பானாக! ஆமீன்.