பேப் ரூத்: வீழ்ந்து எழுந்த உடல்

கிரிக்கெட்டில் ஊறிய நமக்குப் பேஸ்பால் அவ்வளவு பழக்கமான ஆட்டமன்று. ஆயினும் அந்த ஆட்டத்தின் முடிசூடா மன்னரான பேப் ரூத்தின் பெயர் நம் காதுகளிலும் விழுந்திருக்கும்.

ஜார்ஜ் ஹெர்மன் ரூத் என்னும் இயற்பெயருடைய இவர், 1895ஆம் ஆண்டு அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் பிறந்தார். தந்தை மதுக்கடைக்காரர். அடங்காப் பிள்ளையை ஏழாம் வயதிலேயே புனித மேரி தொழிற்பள்ளியில் சேர்த்துவிட்டனர். அங்கிருந்த மத்தியாஸ் என்னும் துறவியே மட்டை பிடிக்கக் கற்றுத் தந்தவர். 1914இல் பாஸ்டன் அணியில் பந்து வீசத் தொடங்கிய ரூத், 1920இல் நியூயார்க் யாங்கீஸ் அணிக்கு வந்ததும் மட்டையாலேயே நாட்டைக் கவர்ந்தார். பந்தை எல்லைச் சுவருக்கு அப்பால் பறக்கவிடும் ஹோம் ரன், நம் சிக்சரைப் போன்றது. அதனை அவ்வாண்டு 54 முறையும் அடுத்த ஆண்டு 59 முறையும் அடித்தார்!

இத்தனை ஆற்றலைத் தாங்கிய உடலை அவர் பேணினாரா என்றால், இல்லை. அளவற்ற உணவு, மது, உறக்கமற்ற இரவுகள். குளிர்காலம் முழுவதும் உண்டு கொழுத்துவிட்டு, ஆட்டப் பருவம் நெருங்கும்போது எடையைக் குறைப்பதே அந்நாளைய வீரர் பலரின் வழக்கம். ரூத் அதையும் சரிவரச் செய்யவில்லை. 1925 ஏப்ரலில், பருவம் தொடங்குமுன் பயண வழியில் மயங்கி விழுந்தார். நியூயார்க் மருத்துவமனையில் அறுவை சிகிச்சை நடந்தது. மீண்டு வந்தும் ஆட்டம் சோபிக்கவில்லை. அவ்வாண்டு வெறும் 25 ஹோம் ரன்கள், அணி ஏழாமிடம். ஒழுங்கு தவறியமைக்காக அணித் தலைமை 5,000 டாலர் அபராதமும் விதித்தது. வயதோ முப்பது. அவர் கதை முடிந்ததென்றே பலரும் எண்ணினர்.

அவ்வாண்டு இறுதியில் ரூத், ஆர்ட்டி மக்கவர்ன் என்னும் முன்னாள் குத்துச்சண்டை வீரரின் உடற்பயிற்சிக் கூடத்துக்குச் சென்றார். சென்றபோது எடை ஏறத்தாழ 250 பவுண்டு, இடையோ பீப்பாய். மக்கவர்ன் சலுகை காட்டவில்லை. கைப்பந்தைச் சுவரில் அடித்து ஆடுதல், கனத்த தோல்பந்தை வீசிப் பிடித்தல், குத்துச்சண்டை, நீராவிக் குளியல், உடல் பிடித்துவிடுதல், இவற்றோடு கண்டிப்பான உணவுக் கட்டுப்பாடு. அடங்காப் பிள்ளை அடங்கினார்! சில வாரங்களில் சுமார் 40 பவுண்டு கரைந்தது.

பலன் 1926இல் தெரிந்தது. 47 ஹோம் ரன்கள். ஏழாமிடத்து அணி அமெரிக்கன் லீக்கில் முதலிடம். 1927இல் 60! அச்சாதனை 1961 வரை நிலைத்தது. 1926 முதல் 1931 வரையிலான ஆறு ஆண்டுகளில் மொத்தம் 302 ஹோம் ரன்கள். முப்பதைக் கடந்தவரின் கணக்கு இது என்பதை மறக்கலாகாது.

மக்கவர்ன் எந்த அணியின் ஊழியருமல்லர். வீரர்களின் வலிமைக்கெனத் தனிப் பயிற்சியாளரை அணிகள் அமர்த்தத் தொடங்கியது பல ஆண்டுகளுக்குப் பின்னர்தான். ரூத்தின் வரலாற்றில் இவருக்குக் கிடைப்பதோ சில வரிகளே. அது நியாயமன்று என்பது என் எண்ணம்.

714 ஹோம் ரன்களுடன் ரூத் 1935இல் ஓய்வு பெற்றார். புற்றுநோய் அவரை வாட்டியது. 1948 ஆகஸ்டு 16ஆம் நாள், 53ஆம் வயதில் மறைந்தார். யாங்கீ விளையாட்டரங்கில் வைக்கப்பட்ட அவர் உடலைக் காண மக்கள் வெள்ளமெனத் திரண்டு வரிசையில் நின்றனர்.