சட்டத்தைத் தமிழில் சொன்ன முன்சீப்

உடன்குடிப் பனந்தோப்பில் ஒரு வரப்புத் தகராறு என்று வைத்துக் கொள்வோம். கோர்ட்டுக்குப் போன வழக்கு ஆண்டுக் கணக்கில் இழுக்கிறது. அப்போது ஐகோர்ட்டின் மதுரைக் கிளையில் மனுப் போடலாம். இத்தனை மாதத்துக்குள் வழக்கை முடிக்கும்படி அது கீழ்க் கோர்ட்டுக்கு உத்தரவிடலாம்.

மேல் கோர்ட்டின் சொல் கீழே எட்டினால்தான் ஏழைக்கு நீதி கிடைக்கும். அதற்காக உழைத்தவர் மாயூரம் வேதநாயகம் பிள்ளை.

அவர் 1826-ல் திருச்சி வட்டாரத்துக் குளத்தூரில் பிறந்தார். திருச்சி கோர்ட்டில் பதிவேடுகளைக் காத்தார். பிறகு மொழிபெயர்ப்பாளர் ஆனார். 1857-ல் தரங்கம்பாடி முன்சீப் ஆனார். சீர்காழியிலும் மாயூரத்திலும் அதே வேலை பார்த்தார்.

தமிழில் தீர்ப்பு

அந்த நாளில் சென்னையில் இருந்த மேல் கோர்ட்டுக்குச் சதர் கோர்ட்டு என்று பெயர். அதன் தீர்ப்புகள் ஆங்கிலத்தில் இருந்தன. மேலே முடிவான விஷயம் ஆங்கிலம் அறியாதவர்களுக்குத் தெரியாது. தெரியாவிட்டால், தீர்ந்த சண்டையையே மறுபடி போட வேண்டியதுதான். காலமும் போகும், காசும் போகும்.

வேதநாயகம் பிள்ளை பேனாவை எடுத்தார். 1805 முதல் 1861 வரை வந்த தீர்ப்புகளைத் திரட்டித் தமிழில் தந்தார். "சித்தாந்த சங்கிரகம்" என்ற அந்த நூல் 1862-ல் வெளிவந்தது. சென்னை ஐகோர்ட்டு தோன்றியதும் அதே ஆண்டுதான்!

1879-ல் தமிழின் முதல் நாவலான "பிரதாப முதலியார் சரித்திர"த்தை வெளியிட்டார். கோர்ட்டில் தமிழ் வழங்க வேண்டும் என்று அதிலும் வாதாடினார். கட்சிக்காரனுக்குப் புரியாத மொழியில் அவனுடைய வழக்கை நடத்துவது அவருக்குப் பொறுக்கவில்லை.

1889-ல் அவர் காலமானார். இன்று சுப்ரீம் கோர்ட்டின் தீர்ப்புகளே தமிழில் மொழிபெயர்க்கப்படுகின்றன. அந்த வேலையை 160 ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கி வைத்தவர், ஒரு கீழ்க் கோர்ட்டு முன்சீப்!