வரலாறு எழுதிய காவல் வீரர்

குழந்தைகளே! தக்கலை அருகே உள்ள உதயகிரிக் கோட்டைக்குப் போயிருக்கிறீர்களா? அங்கே திருவிதாங்கூர்ப் படைத் தளபதி டிலனாயின் கல்லறை இருக்கிறது. அதில் தமிழும் லத்தீனும் பொறிக்கப்பட்டுள்ளன. நம் நாட்டு வரலாறு ஒரே மொழியில் எழுதப்பட்டதல்ல. தமிழ்க் கல்வெட்டு, ஓலைச்சுவடி, லத்தீன், அரபு, பாரசீகம் என்று பல மொழிகளில் அது சிதறிக் கிடக்கிறது. பாரசீக மொழியில் அதை எழுதியவர்களில் புகழ்பெற்றவர் பெரிஷ்டா.

இவரது இயற்பெயர் முகம்மது காசிம். ஈரானில் காஸ்பியன் கடல் அருகே உள்ள அஸ்தராபாத் நகரில் 16-ம் நூற்றாண்டில் பிறந்தார். சிறுவனாக இருந்தபோதே தந்தையுடன் தக்காணத்தில் உள்ள அகமதுநகருக்கு வந்தார். அந்நாட்டு இளவரசர் மீரான் உசேனுக்குப் பாரசீகம் கற்பிப்பது தந்தையின் வேலை. இளவரசருடன் சேர்ந்து பெரிஷ்டாவும் படித்தார். ஆனால், தந்தை விரைவிலேயே இறந்துவிட்டார். அந்நிய மண்ணில் அநாதையான சிறுவன், வளர்ந்து மன்னரின் காவல் படைத் தலைவரானார்.

1588-ல் இளவரசர் தன் தந்தையையே எதிர்த்துக் கிளம்பினார். மன்னர் கொல்லப்பட்டார். காவலில் இருந்த பெரிஷ்டாவின் உயிரும் போக வேண்டியது. இளவரசர் தன் பள்ளித் தோழனை அடையாளம் கண்டு காப்பாற்றினார். மறு ஆண்டே அந்த இளவரசரும் கொல்லப்பட, பெரிஷ்டா பீஜப்பூருக்குப் போய்ச் சேர்ந்தார்.

பீஜப்பூர் மன்னர் இரண்டாம் இப்ராகிம் அடில் ஷா, இந்திய அரசர்களின் வரலாற்றை எழுதும்படி அவரிடம் சொன்னார். வாள் பிடித்த கை எழுதுகோலைப் பிடித்தது. முப்பதுக்கும் மேற்பட்ட பழைய நூல்களைத் தேடிப் படித்தார். 1606-ஐ ஒட்டி நூலின் முதல் வடிவம் முடிந்தது. டில்லி சுல்தான்கள், பாமினி மன்னர்கள், குஜராத், வங்காளம், காஷ்மீர், நம் பக்கத்து மலபார் வரை அதில் இடம்பெற்றன.

அவர் எழுதியது எல்லாமே உண்மையா? இல்லை. 1347-ல் பாமினி அரசை நிறுவியவர், கங்கு என்ற அந்தணரின் நிலத்தை உழுதபோது பொற்காசுகள் நிறைந்த பானையைக் கண்டெடுத்து, நேர்மையாக அவரிடமே ஒப்படைத்தார் என்று ஒரு கதை சொல்கிறார். கேட்க இனிமைதான்! ஆனால், அந்த மன்னரின் நாணயங்களில் கங்குவின் பெயரே இல்லை. அதனால் வரலாற்று அறிஞர்கள் இதை ஏற்பதில்லை. விஜயநகரத்தை ஆண்ட புக்கரின் பெயரையும் அவர் கிருஷ்ணராயர் என்று மாற்றி எழுதிவிட்டார்.

அதற்காக நூலைத் தள்ளிவிட முடியுமா? முடியாது. 1900-ல் விஜயநகர வரலாற்றை எழுதிய ராபர்ட் சிவெல், பெரிஷ்டாவின் நூலையும் போர்ச்சுகீசியர்களின் குறிப்புகளையும் கல்வெட்டுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டார். மறைந்துபோன ஒரு பேரரசின் கதை அப்படித்தான் வெளியே வந்தது. பெரிஷ்டாவின் பிழையும் அப்படித்தான் தெரிந்தது.

ஒருவர் சொன்னதை மட்டும் கேட்டுத் தீர்ப்புச் சொல்லலாமா? வகுப்பில் இரண்டு பேர் சண்டை போட்டால், ஆசிரியர் இருவரையும் விசாரிப்பார் அல்லவா? வரலாறு படிக்கும்போது நீங்களும் அப்படி விசாரித்துப் பாருங்கள்!